கொழும்புக் கடலில் திமிங்கிலம்: அயலவர் சேர்ந்து பார்த்துப் பதிவு வைக்க முழுமையான வழிகாட்டி

திமிங்கிலப் பதிவுக் குழு தொடங்குவோர் பெரும்பாலும் முதலில் வட்ஸ்அப் குழுவைத் திறக்கிறார்கள். ஒரு வாரத்தில் நூறு பேர் சேர்கிறார்கள், நோர்வேயில் எடுத்த வீடியோ வருகிறது, காலை வணக்கம் வருகிறது. மூன்றாம் வாரம் ஒரு மீனவர் உண்மையிலேயே கண்டதை அனுப்பும்போது அதைப் பார்க்க யாரும் இல்லை. கீழே உள்ள படிகளின் ஒழுங்கு இதைத் தவிர்ப்பதற்காகவே. வந்ததை வாங்கி எழுத ஆள் இருக்கவேண்டும். அதற்குப் பிறகுதான் ஊரைக் கேட்கவேண்டும்.

1. முதலில் மூன்று பேர்

ஒருவர் தொலைபேசிக்கு, ஒருவர் பதிவேட்டுக்கு, ஒருவர் படங்களுக்கு. மூவரும் ஒரே ஆளாக இருந்தால் அவர் பரீட்சைக்கோ பிரசவத்துக்கோ போகும் மாதம் பதிவு நின்றுவிடும்.

தொலைபேசிக்காரர் விடியற்காலையில் விழித்திருப்பவராக இருக்கவேண்டும். ஒரே நாளில் போய்த் திரும்பும் படகுகள் கரைக்கு வருவது காலையில். ஒன்பது மணிக்கு எழும்புகிறவரிடம் செய்தி ஆறிப்போய்த்தான் சேரும். தமிழும் சிங்களமும் பேசத் தெரியாவிட்டால் மோதறையிலும் திக்கோவிட்ட மீன்பிடித் துறைமுகத்திலும் பாதிச் செய்தியை இழப்பீர்கள். சிங்கள மீனவர் ‘தல்மஹா’ என்றால் திமிங்கிலம், ‘முல்லா’ என்றால் டொல்பின். இந்த இரண்டு சொல்லாவது தெரிந்திருக்கவேண்டும்.

குழுவுக்கென்று தனி சிம் எடுங்கள். சொந்த இலக்கத்தைக் கொடுத்தால் அந்த ஆள் விலகும் நாளில் மீனவர் கையில் இருக்கும் அட்டைகள் எல்லாம் வீணாகும்.

கையில் இருக்கவேண்டியவை அதிகமில்லை: 7x50 அல்லது 8x42 தொலைநோக்கி ஒன்று, திசைகாட்டி உள்ள கைபேசி, பென்சில், தடித்த அட்டைக் கொப்பி. 10 மடங்கு, 12 மடங்கு தொலைநோக்கி வாங்கவேண்டாம். படகில் அது நடுங்கி எதையும் காட்டாது. பேனாவும் வேண்டாம், உப்புக் காற்றில் ஈரமான தாளில் மை பரவிவிடும்.

2. எந்த மாதம், எந்த உயரம்

கொழும்புக் கரையில் நின்று திமிங்கிலம் தேடுகிறவர்களில் அநேகர் ஒன்றும் காணாமல் சலித்துப்போகிறார்கள். காரணம் கடலடியில் இருக்கிறது. தீவைச் சுற்றிக் கண்டமேடை, அதாவது கரையை ஒட்டிய ஆழம் குறைந்த கடலடி, சராசரியாக 20 கிலோமீற்றரை ஒட்டிய அகலம். பெரிய திமிங்கிலங்கள் அந்த விளிம்பையும் அதற்கு அப்பாலான ஆழத்தையும் ஒட்டித் திரிகின்றன. தீவின் தென்முனையான தெய்வேந்திரமுனைக்குத் தெற்கே விளிம்பு கரைக்குக் கிட்ட வருவதால்தான் மிரிஸ்ஸவில் படகு ஏறியவர் காலைக்குள் கண்டுவிட்டுத் திரும்புகிறார். கொழும்பில் அந்த வசதி இல்லை.

எனவே உயரம் முக்கியம். கண் இருக்கும் உயரத்தை மீற்றரில் எடுத்து, அதன் வர்க்கமூலத்தை 3.57 ஆல் பெருக்கினால் தொடுவானம் எத்தனை கிலோமீற்றர் என்று வரும். வெள்ளவத்தை மணலில் நிற்பவருக்கு 4.6. காலிமுகத்திடல் நடைபாதையில் கடல்மட்டத்திலிருந்து 5 மீற்றர் என்றால் 8. பன்னிரண்டாம் மாடியில், 40 மீற்றர் உயரத்தில், 22.6. வெள்ளவத்தையிலும் பம்பலப்பிட்டியிலும் கடலைப் பார்த்த தொடர்மாடிகள் எத்தனை! மொட்டைமாடித் திறப்பு வைத்திருக்கும் காவலாளி இந்த வேலைக்கு ஒரு தொலைநோக்கியை விடப் பெறுமதியானவர். என்றாலும் 22 கிலோமீற்றரில் தெரிவது திமிங்கிலம் ஊதும் நீர்த்தூண் மட்டுமே, அதுவும் தெளிந்த நாளில்.

மேற்குக் கரையில் கடல் அடங்கியிருப்பது நவம்பர் முதல் ஏப்ரல் வரை. மே தொடக்கம் செப்டெம்பர் வரை தென்மேல் பருவக்காற்று, அதாவது சோளகம். அப்போது வெள்ளலைக்குள் எந்த முதுகும் தெரியாது. அந்த மாதங்களில் அட்டை அச்சிடுங்கள், பழைய பதிவைத் திருத்துங்கள். கிழக்கே திருகோணமலையில் பருவம் நேர்மாறாக ஓடுகிறது, அங்கே உறவினர் இருந்தால் அவர்களையும் பழக்குங்கள்.

3. மாடியில் பார்வை நேரம்

கொழும்பின் கடல் மேற்கே. காலையில் சூரியன் முதுகுக்குப் பின்னால், நீர் கறுத்துத் தெளிவாகத் தெரியும். பிற்பகல் இரண்டு மணிக்குப் பிறகு வெளிச்சம் நேரே கண்ணில் அடிக்கும், கடல் வெள்ளித் தகடாகிவிடும். ஆகவே 6.30 இலிருந்து 9.30 வரை. மாலை நடைக்கு வந்து பார்ப்பது உடம்புக்கு நல்லது, பதிவுக்கு உதவாது.

இருவர் சேர்ந்து பாருங்கள். ஒருவர் வெறுங்கண்ணால் இடமிருந்து வலமாக மெதுவாகத் துழாவவேண்டும், மற்றவர் தொலைநோக்கியால் தொடுவானத்தை ஒட்டி. 20 நிமிடத்துக்கு ஒருமுறை மாறிக்கொள்ளுங்கள். அதற்கு மேல் தொலைநோக்கி பிடித்தால் கண் பார்க்கும், மனம் பார்க்காது.

துறைமுகப் பக்கமாக நீண்ட லென்ஸ் கமராவைத் திருப்பவேண்டாம். கோட்டையை அண்டிய மாடிகளில் இது பொலிஸாரை வரவழைக்கும். கட்டட நிர்வாகத்திடம் முன்கூட்டியே கடிதம் கொடுத்து வைப்பது நல்லது. ட்ரோன் எண்ணமே வேண்டாம். அதற்குச் சிவில் விமானப் போக்குவரத்து அதிகாரசபையின் அனுமதி தேவை, திமிங்கிலத்துக்கும் அது தொந்தரவு.

இனி, எல்லோரும் விடும் பிழை: ஒன்றும் காணாத நாளை எழுதாமல் விடுவது. தொடங்கிய நேரம், முடித்த நேரம், கடலின் நிலை, ‘0’ என்று கட்டாயம் எழுதுங்கள். பெப்ரவரியில் 4 தடவையும் மார்ச்சில் 1 தடவையும் கண்டதாகப் பதிவு சொல்கிறது என்று வைப்போம். பெப்ரவரியில் 40 மணிநேரமும் மார்ச்சில் 5 மணிநேரமும் பார்த்திருந்தால், உண்மையில் மார்ச்தான் கூடுதல். மணிநேரம் இல்லாத பதிவில் இது தெரியாது.

கடல் நிலைக்கு எளிய அளவு போதும்: கண்ணாடி மாதிரி, சிற்றலை, அங்கங்கே வெள்ளலை, எங்கும் வெள்ளலை. கடைசி நிலை வந்ததும் பார்வையை நிறுத்திவிடுங்கள்.

4. கண்டதும் செய்யவேண்டியது, இந்த ஒழுங்கில்

நேரம். இடம். படம். எண்ணிக்கை. கடைசியாகத்தான் இனம்.

புதியவர்கள் இதைத் தலைகீழாகச் செய்கிறார்கள். “ஓர்க்காவா (கொலையாளித் திமிங்கிலம்), நீலத் திமிங்கிலமா?” என்று வாக்குவாதம் நடக்கும்போதே அது மூழ்கிவிடும். இனத்தைப் படத்தைப் பார்த்து நாளைக்கும் சொல்லலாம். நேரத்தையும் இடத்தையும் நாளைக்கு யாராலும் மீட்க முடியாது.

எண்ணிக்கையை மூன்று இலக்கமாக எழுதுங்கள்: குறைந்தது, நம்புவது, கூடியது. ‘3, 5, 8’ என்றால், ஒரே நேரத்தில் 3 முதுகு கண்ணால் கண்டது, 5 என்று மனம் சொல்கிறது, 8 க்கு மேல் இருக்க வழியில்லை என்று பொருள். ஒற்றை இலக்கம் கேட்டால் மனிதர் பெருக்கித்தான் சொல்வார்கள். குட்டி இருந்தால் தனியே குறியுங்கள்.

5. இடத்தை எழுதுவது

பதிவுகள் அதிகம் கெடுவது இங்கேதான். அதனால் சற்று நின்று போகலாம்.

படகில் இருப்பவருக்கு: கைபேசியின் ஜிபிஎஸ் வேலைசெய்ய சிக்னல் தேவையில்லை. கடலுக்குள் டேட்டா அற்றுப்போனாலும் திசைகாட்டிச் செயலியில் அகலாங்கும் நெட்டாங்கும் வரும். அந்தத் திரையை ஸ்கிரீன்ஷொட்டாகப் பிடித்தால் நேரமும் சேர்ந்தே பதியும், எழுதும் வேலையும் இல்லை. படகில் ஜிபிஎஸ் கருவி இருந்தால் ‘மார்க்’ பொத்தானை ஒருமுறை அழுத்தினால் போதும், கரைக்கு வந்து படிக்கலாம்.

வட்ஸ்அப்பில் ‘இருப்பிடம் அனுப்பு’ என்பதை நம்பவேண்டாம். சிக்னல் கிடைத்த பிறகுதான் பலர் அதை அழுத்துகிறார்கள். அப்போது படகு திமிங்கிலத்திடம் இல்லை, திக்கோவிட்ட வாசலில் நிற்கிறது. செய்தி வந்த நேரத்தைக் கண்ட நேரமாக எழுதுவதும் இதே வகைப் பிழை. சிக்னல் இல்லாமல் மூன்று மணிநேரம் காத்திருந்த செய்தியாக அது இருக்கலாம்.

அடுத்தது பாகையும் கலையும். படகுக் கருவிகள் பெரும்பாலும் 6°54.5' வடக்கு, 79°38.2' கிழக்கு என்று பாகை, கலையாகக் காட்டும். கைபேசி வரைபடம் தசமத்தில் கேட்கும். கலையை 60 ஆல் வகுக்கவேண்டும்: 54.5 ÷ 60 = 0.908, ஆகவே 6.908. 38.2 ÷ 60 = 0.637, ஆகவே 79.637. வகுக்காமல் 6.545 என்று எழுதினால் புள்ளி 40 கிலோமீற்றர் தெற்கே, களுத்துறையையும் தாண்டிப் போய்விடும். கடலுக்குள்ளேயே இருப்பதால் வரைபடத்திலும் பிழை தெரியாது. பாகை, கலை வடிவில் வந்ததை அப்படியே ஒரு நிரலில் வைத்து, மாற்றியதைப் பக்கத்து நிரலில் எழுதுங்கள். மூலத்தை அழித்தால் திருத்த வழியில்லை.

மூன்று தசமம் போதும், அது ஏறக்குறைய 110 மீற்றர். ஒரு தசமம் என்றால் 11 கிலோமீற்றர். எட்டுத் தசமம் எழுதுவது வெறும் அலங்காரம். கொழும்பு நகரத்துக்கு நேரே நெட்டாங்கு 79.87 ஐத் தாண்டியிருந்தால் உங்கள் திமிங்கிலம் காலி வீதியில் நிற்கிறது என்று பொருள், திருப்பிக் கேளுங்கள்.

மாடியில் இருப்பவருக்கு: தூரத்தை ஊகிக்காமல் திசையை எழுதுங்கள். கைபேசித் திசைகாட்டியில் ‘255 பாகை’ என்று வந்தால் அதுவே தகவல். இரும்புக் கைப்பிடிச் சுவரில் சாய்ந்து நின்று பார்க்கவேண்டாம், காந்தம் வைத்த கைபேசி உறையையும் கழற்றுங்கள். இரண்டும் ஊசியைத் திருப்பும். நங்கூரமிட்ட கப்பல்கள் நல்ல அடையாளம், ‘சிவப்புக் கப்பலுக்கு அப்பால்’ என்று குறித்துக்கொள்ளுங்கள்.

இரண்டு மாடியிலிருந்து ஒரே நேரத்தில் பார்த்தால் இடமே கிடைக்கும். கொள்ளுப்பிட்டிக்காரருக்கு 250 பாகை, அவருக்குத் தெற்கே 6 கிலோமீற்றரில் தெஹிவளையில் இருப்பவருக்கு 280 பாகை. வரைபடத்தில் இரண்டு கோடும் வெட்டும் இடம் ஒவ்வொருவரிடமிருந்தும் 11, 12 கிலோமீற்றரில் இருக்கும். ஒருவர் 3 பாகை பிழைத்தால் வெட்டுப்புள்ளி ஒரு கிலோமீற்றருக்கு மேல் நகரும். அதனால் இப்படிப் பெற்ற இடத்தைப் பதிவேட்டில் ‘திசையால் கணித்தது’ என்று அடையாளப்படுத்துங்கள். ஜிபிஎஸ் புள்ளியுடன் கலக்கக்கூடாது.

6. படம்

இலங்கைக் கடலில் படம் பிடிக்கப்பட்ட ஓர்க்காக்கள் ஐக்கிய அரபு அமீரகக் கடலிலும் அடையாளம் காணப்பட்டுள்ளன. முதுகுச் செட்டையின் வெட்டுக்களையும் அதன் பின்னாலுள்ள சாம்பல் திட்டையும் ஒப்பிட்டே அதைச் சொல்ல முடிந்தது. அழகான சூரிய அஸ்தமனப் படம் இதற்கு உதவாது.

எதை எடுப்பது? ஓர்க்காவுக்கு முதுகுச் செட்டை, பக்கவாட்டாக, இடமும் வலமும். இரண்டு பக்கமும் ஒன்றல்ல. நீலத் திமிங்கிலத்துக்கு முதுகின் புள்ளிப் பரம்பல், செட்டையுடன் சேர்த்து. ஸ்பேர்ம் திமிங்கிலத்துக்கு மூழ்கும்போது தூக்கும் வாலின் பின்விளிம்பு.

கமராவில் 1/1000 செக்கன் அல்லது அதைவிட வேகம், தொடர் எடுப்பு. கைபேசியில் விரலால் இழுத்துப் பெருப்பிக்கவேண்டாம், அது வெறும் மங்கல்தான். உச்சத் தரத்தில் வீடியோ எடுத்துவிட்டுப் பிறகு அதில் நல்ல சட்டத்தை (ஃப்ரேமை) பிரித்தெடுங்கள்.

அனுப்பும்போது வட்ஸ்அப்பில் ‘ஆவணம்’ என்று தெரிவுசெய்து அனுப்பச் சொல்லுங்கள். சாதாரணமாக அனுப்பினால் படம் சுருங்கும், அதற்குள் பதிந்திருக்கும் எடுத்த நேரமும் இடமும் அழிந்துபோகும்.

படத்துக்காகக் கிட்டப் போகவேண்டாம். கடல் பாலூட்டிகளைப் பார்வையிடுவதற்கு 2012 இல் வந்த ஒழுங்குவிதிகள் இருக்கின்றன. 100 மீற்றருக்குள் படகை விடாதீர்கள். 18 அடி ஃபைபர் படகு என்றால் 18 படகை வரிசையாக வைத்த தூரம், கடலில் அளக்க இதைவிட எளிய கோல் இல்லை. முன்னால் குறுக்கே போய் மறிப்பதும், பின்னால் துரத்துவதும் கூடாது. பக்கவாட்டில் சமாந்தரமாக, மெதுவாக, ஒரே வேகத்தில். திமிங்கிலமே கிட்ட வந்தால் இயந்திரத்தை நியூட்ரலில் போட்டுக் காத்திருங்கள்.

7. இனம் பிரிப்பது

முதற் கேள்வி: வால் படுத்திருக்கிறதா, நிமிர்ந்திருக்கிறதா? மீனின் வால் நிமிர்ந்து பக்கவாட்டாக ஆடும், திமிங்கிலத்தின் வால் படுத்து மேலும் கீழும் ஆடும். ‘புள்ளி போட்ட திமிங்கிலம், ஊதவில்லை’ என்று வரும் செய்தி பெரும்பாலும் திமிங்கிலச் சுறா. அது மீன்.

இரண்டாவது: மூச்சு. நீலத் திமிங்கிலம் நேராக 9 மீற்றர் வரை உயரும் தூணாக ஊதும். ஸ்பேர்ம் திமிங்கிலத்தின் ஊதல் குட்டையாக, பற்றை மாதிரி, முன்னோக்கி இடப்பக்கம் சாய்ந்திருக்கும். காற்றில்லாத நாளில் சாய்ந்த ஊதல் கண்டால் அது மிக வலுவான அடையாளம். இந்தத் திமிங்கிலம் மரக்குற்றி போல மிதந்து, வாலைத் தூக்கி ஆழம் போய், முக்கால் மணிநேரம் கழித்துத்தான் வரலாம். அதற்குள் ‘போய்விட்டது’ என்று எழுதிவிடாதீர்கள். ஸ்பேர்ம் என்ற பெயர் தெரியாத மீனவருக்கும் ‘அம்பர் போடும் திமிங்கிலம்’ என்றால் விளங்கும் (அம்பர் என்பது இதன் குடலில் உருவாகும், வாசனைத் திரவியத்துக்குப் பயன்படும் பொருள்). அம்பர் விற்பனை சட்டவிரோதம் என்பதையும் கூடவே சொல்லிவையுங்கள்.

நீலத்துக்கு முதுகுச் செட்டை மிகச் சிறியது, முதுகின் கடைசிப் பகுதியில் இருக்கும். பிரைட் திமிங்கிலத்துக்கு அது வளைந்து நன்றாகத் தெரியும், தலையின் மேல் மூன்று வரம்பு ஓடும், மூழ்கும்போது வாலைத் தூக்காது. தலை தெரியாத படத்தில் பிரைட் என்று அடித்துச் சொல்லவேண்டாம். அதற்கு நெருங்கிய ஒமுரா திமிங்கிலமும் இலங்கைக் கடலில் பதிவாகியிருக்கிறது.

இனி ஓர்க்கா. எல்லோரும் காண ஆசைப்படுவது இதைத்தான். அதனாலேயே பொய்ப் பதிவு அதிகம் வருவதும் இதற்குத்தான். இலங்கையைச் சுற்றி ஓர்க்கா அபூர்வமாக, சிறு கூட்டமாக வருகிறது, ஸ்பேர்ம் திமிங்கிலங்களைத் தாக்கியதும் கண்டிருக்கிறார்கள். வளர்ந்த ஆணின் முதுகுச் செட்டை 1.8 மீற்றர் வரை நிமிர்ந்து நிற்கும், ஒரு ஆள் உயரம். பெண்ணுக்கும் குட்டிக்கும் அதில் பாதி, வளைந்தது. உறுதியான அடையாளம் கண்ணுக்குப் பின்னாலுள்ள முட்டைவடிவ வெள்ளைத் திட்டு. செட்டைக்குப் பின்னாலுள்ள சாம்பல் திட்டு எங்கள் வெப்பக் கடலில் மங்கலாக இருப்பதால், அது தெரியவில்லை என்று ஓர்க்காவைத் தள்ளிவிடவும் கூடாது.

ஓர்க்கா என்று தவறாகச் சொல்லப்படுபவை மூன்று. உடல் முழுக்கக் கறுத்து, ஒல்லியாக, செட்டை நுனி உருண்டிருந்தால் போலிக் கொலையாளித் திமிங்கிலம். செட்டை அகன்ற அடியோடு உடலின் முன்பகுதியிலேயே தொடங்கி, தலை பூசணிக்காய் மாதிரி இருந்தால் பைலட் திமிங்கிலம். செட்டை உயரமாக, ஆனால் உடல் சாம்பல் நிறத்தில், சுவரில் ஆணியால் கீறியது போல வெள்ளைக் கோடுகள் நிறைந்திருந்தால் ரிசோ டொல்பின். அட்டை அச்சிடும்போது ஓர்க்காவின் பக்கத்திலேயே இந்த மூன்றையும் வரையுங்கள். ஓர்க்காவை மட்டும் வரைந்தால் வரும் எல்லாமே ஓர்க்காதான்.

தெரியாவிட்டால் ‘பெரிய திமிங்கிலம், இனம் தெரியாது’. இது தோல்வி அல்ல, நல்ல பதிவு. பிற்பாடு யாரும் அதை ‘நீலமாகத்தான் இருந்திருக்கும்’ என்று மாற்றக்கூடாது.

8. கடற்றொழிலாளரிடம் போவது

மாடிக்காரர் பத்து நாள் பார்ப்பதை ஒரு படகுக்காரர் ஒரே நாளில் காண்பார். ஆனால் அவரை எப்போது சந்திப்பது என்பதில்தான் விஷயம். படகு வந்ததும் மீன் இறக்கி, ஏலம் முடியும் வரை யாரையும் மறிக்காதீர்கள், அந்த அரைமணி நேரத்தில்தான் அவர் வருமானம் இருக்கிறது. ஏலம் முடிந்து வலை திருத்தும் நேரம் நல்லது. ஞாயிறு காலை பூசை, வெள்ளி மதியம் தொழுகை. அந்த நேரங்களில் கூட்டம் வைத்தால் நீங்களும் ஒலிபெருக்கியும்தான் இருப்பீர்கள். முதலில் கடற்றொழிலாளர் கூட்டுறவுச் சங்கத் தலைவரிடமும் படகுச் சொந்தக்காரரான சம்மாட்டிமாரிடமும் சொல்லிவிட்டுப் போங்கள்.

இரண்டு விடயத்தை அவர் கேட்கும் முன்பே சொல்லுங்கள். ஒன்று, படகு இலக்கம் எழுதமாட்டோம். வலையில் டொல்பின் சிக்கியதைச் சொன்னால் வழக்கு வரும் என்று பயப்படுகிறவர் எதையும் சொல்லமாட்டார். இரண்டு, அவர் மீன் பிடிக்கும் இடத்தைப் பகிரமாட்டோம். திமிங்கிலம் நின்ற இடம் அவருடைய சூரை மீன் நின்ற இடமாகவும் இருக்கலாம், அதை ஊருக்குச் சொல்ல எவர் விரும்புவார்?

கேட்கும் முறையும் உண்டு. “ஓர்க்கா கண்டீங்களா?” என்று கேட்டால் மனம் நோகக்கூடாதென்று “ஓம்” என்பார்கள். இப்படிக் கேளுங்கள்:

“அண்ணே, முதல்ல என்னத்தக் கண்டீங்க? ஊதினதா, முதுகா?”
“செட்டை இருந்ததா? ஆள் உயரமா, கை நீளமா?”
“எத்தன மணிக்கு? வலை வளைக்க முந்தியா, பிந்தியா?”
“எத்தன பாகத் தண்ணி?”

கடைசிக் கேள்வி முக்கியம். ஒரு பாகம் 1.83 மீற்றர். ஜிபிஎஸ் புள்ளி இல்லாத பதிவில் ஆழம் தெரிந்தால், அவர் கண்டமேடைக்கு உள்ளேயா வெளியேயா இருந்தார் என்று சொல்லிவிடலாம்.

அட்டை அரைத்தாள் அளவில், இரு பக்கமும் பிளாஸ்டிக் பூசி, மூலையில் துளையிட்டுக் கயிறு கட்டிக் கொடுங்கள். துளையைச் சுற்றிப் பிளாஸ்டிக் மூடாவிட்டால் ஒரு வாரத்தில் உப்புநீர் உள்ளே ஏறிவிடும். ஒரு பக்கம் படங்கள், மறுபக்கம் தொலைபேசி இலக்கமும் ‘நேரம், இடம், படம்’ என்ற மூன்று சொல்லும், தமிழிலும் சிங்களத்திலும். வேறு எதுவும் எழுதவேண்டாம்.

செய்தி தந்தவருக்கு அன்றைக்கே பதில் போகவேண்டும்: “நீங்க அனுப்பினது பிரைட் திமிங்கிலம் அண்ணே, இந்த மாதத்தில இது ரெண்டாவது.” பதில் வராத இடத்துக்கு யாரும் இரண்டாவது தடவை அனுப்புவதில்லை.

9. சரிபார்ப்பும் பதிவேடும்

வீடியோ வந்தால் மூலக் கோப்பைக் கேளுங்கள். உண்மையில் எடுத்தவரிடம் அதற்கு முன்னும் பின்னும் எடுத்த சில நொடிகளும் இருக்கும். பகிர்ந்து கிடைத்தவரிடம் அது இருக்காது. வீடியோவின் ஒரு சட்டத்தை கூகுள் லென்ஸில் போட்டுப் பாருங்கள், பழைய வீடியோ என்றால் பல தடவை அங்கேயே பிடிபடும். பின்னணியில் பனிமலை தெரிந்தால் அந்தச் சிரமமும் வேண்டாம்.

ஒவ்வொரு பதிவுக்கும் மூன்று தரத்தில் ஒன்று: உறுதி, பெரும்பாலும், ஐயம். அடையாளம் தெரியும் படம் இல்லாமல் ‘உறுதி’ போடக்கூடாது, சொன்னவர் யாராக இருந்தாலும்.

பதிவேட்டில் திகதியை 2025-02-14 என்ற ஒழுங்கில் எழுதுங்கள். 03/04 என்றால் கணினி மார்ச் 4 என்று எடுக்கலாம், எழுதியவர் ஏப்ரல் 3 என்று நினைத்திருப்பார். நேரம் 24 மணி முறையில். எக்ஸெலில் ஒரு எண்ணை Ctrl ஐ அழுத்தியபடி இழுத்துக் கீழே நிரப்பினால் 6.908, 7.908 என்று அதுவே கூட்டிக்கொண்டு போகும், அதையும் கவனியுங்கள். ஒரே கூட்டத்தை மூன்று படகு கண்டால் மூன்று வரியும் இருக்கட்டும், ‘ஒரே நிகழ்வு’ என்று பொது இலக்கமொன்றால் இணையுங்கள். வரிகளை அழித்து ஒன்றாக்கினால் எந்தப் படகு எதைச் சொன்னது என்பது போய்விடும்.

10. எங்கே அனுப்புவது, எதைப் பிடித்து வைப்பது

படங்களை ஹப்பிவேல், ஐநேச்சரலிஸ்ட் தளங்களில் ஏற்றலாம். ஐநேச்சரலிஸ்டில் ஏற்றும் பதிவு உலகத் தரவுத்தளத்துக்குப் போக, பதிவின் உரிமத்தை அதற்கேற்பத் திறந்து வைக்கவேண்டும். எடுத்தவரிடம் எழுத்தில் சம்மதம் வாங்கிய பிறகே ஏற்றுங்கள். ஆண்டுக்கு ஒருமுறை முழுப் பதிவேட்டையும் மட்டக்குளி காக்கைத்தீவிலுள்ள நாரா என்ற தேசிய நீரியல் வள ஆராய்ச்சி நிறுவனத்துக்கும் வனசீவராசிகள் திணைக்களத்துக்கும் கொடுங்கள். தெற்கே நீலத் திமிங்கிலங்கள் கப்பல்களில் மோதுவதைக் குறைக்க, எம்எஸ்சி கப்பல் நிறுவனம் 2022 இல் தன் கப்பல்களை 15 கடல் மைல் தெற்கே விலக்கி ஓட்டத் தொடங்கியது. அப்படியொரு முடிவுக்கு, திமிங்கிலம் எங்கே இருக்கிறது, எங்கே இல்லை என்ற புள்ளிகள் தேவைப்பட்டன. பூஜ்ஜிய நாட்கள் பயன்படுவதும் இங்கேதான்.

முகநூலில் அன்றைய இடத்தை அன்றைக்கே போடாதீர்கள். அடுத்த நாள் அங்கே பத்துச் சுற்றுலாப் படகு நிற்கும். ஒரு வாரம் கழித்து, ‘கொழும்புக்கு மேற்கே’ என்ற அளவில் போட்டால் போதும், குட்டி இருந்தால் அதுவும் வேண்டாம்.

11. கரையொதுங்கினால்

2020 நவம்பரில் பாணந்துறைக் கரையில் சுமார் 120 பைலட் திமிங்கிலங்கள் ஒதுங்கின. கடற்படையும் கரையோரக் காவற்படையும் ஊரவரும் இரவோடிரவாக அவற்றில் பெரும்பாலானவற்றைக் கடலுக்குத் திருப்பினார்கள். கொழும்பிலிருந்து ஒரு பஸ் தூரத்தில் நடந்தது மறுபடியும் நடக்கலாம். அதனால் இந்தப் பகுதியை மட்டும் குழுவில் உள்ள எல்லோரும் மனப்பாடம் செய்யவேண்டும்.

முதலில் 1992 என்ற வனசீவராசிகள் திணைக்கள அவசர இலக்கத்துக்கு அழையுங்கள். இடத்தைத் தூண் இலக்கம், ரயில் நிலையம், கோயில் என்று தரை அடையாளத்தால் சொல்லுங்கள். உயிரோடு இருக்கிறதா, எத்தனை, என்ன நீளம் என்பதையும்.

வாலைப் பிடித்து இழுக்கக்கூடாது. ஊரே உற்சாகமாகச் செய்வது அதைத்தான், முள்ளந்தண்டு சேதமாவதும் அதனால்தான். செட்டையில் கயிறு கட்டுவதும் அப்படியே. வயிறு கீழே இருக்கும்படி நிமிர்த்தி வையுங்கள், பக்கச் செட்டைகளுக்குக் கீழே மணலைத் தோண்டிக் குழியாக்கினால் அவை மடியாது. ஈரச் சாரத்தாலோ பெட்சீற்றாலோ உடலை மூடி நனைத்துக்கொண்டே இருங்கள். தலையின் மேலுள்ள மூச்சுத்துளையை மட்டும் மூடவும் கூடாது, அதற்குள் தண்ணீர் போகவும் கூடாது. வாளியால் தலையில் ஊற்றுகிறவரைத்தான் முதலில் நிறுத்தவேண்டும். வால் பக்கம் யாரும் நிற்கவேண்டாம், ஒரு அடி கால் எலும்பை உடைக்கும்.

கூட்டத்தைத் தள்ளி வைக்க நாலு பேர், நனைக்க நாலு பேர், தொலைபேசிக்கு ஒருவர். மற்றவர்கள் கயிற்றுக்கு வெளியே. நாய்களும்.

இறந்திருந்தால் வெறுங்கையால் தொடாதீர்கள், நோய் தொற்றலாம். வெயிலில் வயிறு வீங்கியிருந்தால் குத்திப் பார்க்கவே கூடாது. பல்லோ இறைச்சியோ எடுப்பது குற்றம். முழு உடலையும் பக்கவாட்டாக எடுங்கள், பிறகு தலை, செட்டை, வால், ஆணா பெண்ணா என்று தெரியும் அடிவயிறு. இயந்திர விசிறி வெட்டியது போல வரிசைக் காயம் இருந்தால் அதையும் கிட்டவாக எடுங்கள். ஒவ்வொரு படத்திலும் அளவுக்கு ஒரு துடுப்பை வையுங்கள். செருப்பை வைத்தால் அது எத்தனையாம் இலக்கம் என்று பிறகு யாருக்கும் தெரியாது.